வாழ்த்துக்கு அடியில் இருக்கும் பயம்



வீட்டில் கைக்குழந்தை தும்மினால் பாட்டி உடனே 'நூறு' என்பாள். குழந்தை மறுபடியும் தும்மினால் கணக்கை இன்னும் கொஞ்சம் கூட்டிச் சொல்வாள். இது நேற்று வந்த பழக்கமல்ல. திருக்குறளின் 1312-ஆம் பாட்டில் ஊடிக்கொண்டு பேசாமல் உட்கார்ந்திருக்கிறாள் ஒருத்தி. அவளைப் பேசவைக்க அவனுக்கு ஒரே ஒரு வழிதான் தெரிகிறது. தும்முகிறான். தும்மினவனை வாழ்த்தாமல் இருக்க முடியாது அல்லவா? சண்டையே ஆனாலும் வாய் திறந்தாக வேண்டும். ஐந்து குறள் தள்ளி இன்னொருத்தி வாழ்த்தியும் விடுகிறாள். வாழ்த்திய கையோடு, யார் நினைத்ததால் தும்மினீர் என்று அழ ஆரம்பிக்கிறாள். வள்ளுவரின் குறும்பு அது. நமக்கு வேண்டியது வேறொன்று: தும்மலுக்கு ஏன் வாழ்த்து?

தும்முகிற நேரத்தில் உடம்பு ஒருமுறை குலுங்குகிறது. மூச்சு ஒரு நொடி தடுமாறுகிறது. பார்த்துக்கொண்டிருப்பவருக்கு 'ஐயோ' என்று இருக்கிறது. அந்த 'ஐயோ'வை வெளியே சொல்லாமல் 'நூறு' என்கிறோம். பிறந்தநாளில் பெரியவர்கள் சாமி பெயரைச் சொல்லித் தருகிற ஆசியும் இந்த வகையைச் சேர்ந்ததுதான் என்பது என் கட்சி. ஒரு வயது கூடியது என்றால் கையிருப்பில் ஒரு வருஷம் போயிற்று என்றும் அர்த்தம். பக்தி உள்ளவர்கள் இதை மறைப்பதில்லை. பயத்தைக் கடவுளிடம் கொண்டுபோய் வைத்துவிட்டு, வெறுங்கையோடு திரும்பி வந்து நம் தலையில் அந்தக் கையை வைக்கிறார்கள். அதனால்தான் அந்தக் கைக்கு ஒரு எடை இருக்கிறது.

இதைச் சொல்ல எனக்குப் பெரிய தத்துவ நூல்கள் வேண்டாம். சோழநாட்டுக் கடற்கரையில் ஒரு சாலை போதும். திருக்கடையூரில் பஸ் ஏறினால் தரங்கம்பாடி, காரைக்கால், நாகூர், நாகப்பட்டினம், கடைசியில் வேளாங்கண்ணி. எல்லாம் 60 கிலோமீட்டருக்குள் அடங்கிவிடும். ஆயுளுக்காகக் கையேந்துவதற்கு இவ்வளவு இடங்கள் இத்தனை நெருக்கமாக அமைந்த இன்னொரு சாலையை நான் பார்த்ததில்லை.

திருக்கடையூர்க் கதை உங்களுக்குத் தெரியும். பிள்ளை இல்லாத மிருகண்டு முனிவருக்கு இறைவன் இரண்டு வழி காட்டுகிறார்: நெடுநாள் வாழும் மந்தபுத்திப் பிள்ளை ஒன்று, 16 வயதோடு போய்விடும் ஞானப்பிள்ளை ஒன்று. முனிவர் இரண்டாவதைக் கேட்டு வாங்குகிறார். (புராணம் அம்மாவைக் கேட்டதா என்று எனக்கு எப்போதும் ஒரு சந்தேகம்.) பதினாறு முடிகிற நாளில் மார்க்கண்டேயன் லிங்கத்தைக் கட்டிக்கொள்கிறான், எமன் வீசிய பாசக்கயிறு லிங்கத்தின் மேலும் விழுகிறது, சிவன் எமனைக் காலால் உதைக்கிறார். இதுவரைதான் பெரும்பாலோர் சொல்வார்கள். தலபுராணம் இன்னும் போகிறது. எமன் விழுந்தபின் உலகத்தில் சாவே இல்லை. பாரம் தாங்காமல் பூமாதேவி முறையிடுகிறாள். எமனை எழுப்பி மறுபடி வேலைக்கு அனுப்புகிறார் சிவன்.

எனக்கு இந்தக் கதையில் மிகவும் பிடித்த இடம் இதுதான். சாவை ஒழித்த ஊர் என்று பெயர் வாங்கிய ஊரே, சாவு இல்லாமல் உலகம் நடக்காது என்று ஒப்புக்கொள்கிறது. காலசம்ஹார மூர்த்தியின் காலடியில் எமனும் இருக்கிறான். ஆயுள் கேட்டுக் கும்பிடுகிறவர்கள் அவனையும் பார்த்துக்கொண்டுதான் கும்பிடுகிறார்கள்.

அங்கே நடக்கும் சடங்குகளின் வயதுக் கணக்கைப் பாருங்கள். பிரபவ முதல் அட்சய வரை நம் வருஷங்கள் 60. அறுபது முடிந்தால் ஒருவர் தாம் பிறந்த வருஷத்துக்கே திரும்பி வருகிறார். வியாழன் ஐந்து சுற்றும் சனி இரண்டு சுற்றும் முடிக்க ஏறக்குறைய இவ்வளவு காலம் ஆகிறது என்பது இந்தக் கணக்கின் வானியல் அடிப்படை. அதனால் அறுபது என்பது மறுபிறப்பு. மறுபடியும் மாலை, மறுபடியும் தாலி. எழுபதில் பீமரத சாந்தி. எண்பதைத் தாண்டினால் சதாபிஷேகம், ஆயிரம் பிறை கண்டவர். ஒரு பௌர்ணமிக்கும் அடுத்ததற்கும் இடையில் 29½ நாள் என்று வைத்துப் பெருக்கினால் ஆயிரத்துக்கு ஏறக்குறைய 80 வருஷமும் 9 மாதமும் வருகிறது. கண் மங்கி, கையில் கம்பு வந்த பிறகு, எத்தனை நிலவு பார்த்தாய் என்று வயதை அளக்கிற அழகை வேறு என்ன சொல்ல?

இந்தச் சடங்குகளில் புகைப்படக்காரர்கள் அதிகம் கவனிக்காத ஒன்று உண்டு. ஹோமம் முடிந்ததும் கலசத் தண்ணீரைத் தம்பதியின் தலையில் ஊற்றுகிறார்கள். புரோகிதர் தொடங்கி வைப்பார். அப்புறம் பிள்ளைகள், மருமகள்கள், பேரன் பேத்திகள். சின்ன வயதில் யார் நம்மைக் குளிப்பாட்டினாரோ அவரை இப்போது நாம் குளிப்பாட்டுகிறோம். பெரியவருக்கு உடம்பு நடுங்குகிறது, 'குளிருதாப்பா?' என்கிறாள் மகள். மந்திரத்துக்கு இடையே கேட்கும் அந்த ஒரு கேள்வியும் ஆசியில் சேர்த்திதான் என்பேன். இன்று திருக்கடையூரில் கூட்டம், வரிசை, நேரக் கணக்கு, பக்கத்துத் தம்பதியின் மாலை நம் மேல் உரசுவது எல்லாம் உண்டு. மண்டபம், சாப்பாடு, வீடியோ மூன்றும் சேர்த்து ஒரே தொகை பேசுகிறார்கள். குறை சொல்லலாம். ஆனால் அந்தத் தண்ணீர் விழும்போது எந்தக் குடும்பமும் பக்கத்துக் குடும்பத்தைப் பார்ப்பதில்லை.

கோயிலுக்குப் பிறந்தநாள் அர்ச்சனைக்குப் போனால் குருக்கள் என்ன கேட்கிறார்? பெயர், நட்சத்திரம், கோத்திரம். கோத்திரம் தெரியாதா, சிவ கோத்திரம் என்று அவரே போட்டுக்கொள்வார். பெயர் தெரியாமல் மட்டும் முடியாது. சங்கல்பத்தில் இந்த ஊர், இந்த வருஷம், இந்த மாதம், இந்தத் திதி என்று சொல்லிக்கொண்டே வந்து, கடைசியில் ஒரே ஒரு ஆளிடம் வந்து நிற்கிறார். இருபத்தேழு நட்சத்திரமும் மாதாமாதம் வருகிறவை என்பதால் பிறந்த மாதத்தில் வரும் நட்சத்திரத்தைப் பிடிக்கிறோம். ஒரே மாதத்தில் அது இரண்டு முறை வந்தால் பெரும்பாலோர் பின்னதை எடுத்துக்கொள்வார்கள். பள்ளிச் சான்றிதழில் ஒரு தேதி, அம்மாவின் நினைவில் ஒரு நட்சத்திரம் என்று இரண்டு பிறந்தநாள் நம்மில் பலருக்கு உண்டு. கேக் வெட்டுவது ஒன்றில், எண்ணெய் தேய்த்துக் குளிப்பது இன்னொன்றில்.

அரசனின் பிறந்தநாளைத் தொல்காப்பியம் புறத்திணையில் பெருமங்கலம் என்று வைத்திருக்கிறது. சினத்தை நீக்கிக்கொள்ளும் நாள் அது. அன்று அரசன் வெள்ளை உடுப்பான்; அதனால் அது வெள்ளணி நாள். சிறையில் இருப்பவர்களை விடுவதும் கொலையை ஒழிப்பதும் அந்த நாளுக்கு உரியவை என்று உரையாசிரியர்கள் விரிக்கிறார்கள். இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். சற்று நேரத்தில் இதற்கு நேர் எதிரான இரண்டு அரசர்களைப் பார்க்கப் போகிறோம்.

அதற்கு முன் சாலையை விட்டு மதுரைக்கு ஒரு நடை போய்வரலாம். பாண்டியன் வல்லபதேவன் சபையில் வென்ற விஷ்ணுசித்தரை, அதாவது பெரியாழ்வாரை, யானைமேல் ஏற்றி ஊர்வலம் விடுகிறார்கள். வானத்தில் கருடன்மேல் பெருமாளே வந்து நிற்கிறார். வேறு யாராக இருந்தாலும் 'எனக்கு இதைக் கொடு' என்றுதான் கேட்டிருப்பார்கள். பெரியாழ்வாருக்கோ பயம் வந்துவிட்டது. இவ்வளவு அழகோடு இப்படித் தெருவில் வந்து நிற்கிறாரே, கண் பட்டுவிடுமே! யானையின் மணியையே தாளமாக எடுத்துக்கொண்டு கடவுளுக்கே ஆயுசு பாடினார். அதுதான் திருப்பல்லாண்டு, பன்னிரண்டு பாசுரங்கள். நாலாயிரத் திவ்விய பிரபந்தம் அதிலிருந்துதான் தொடங்குகிறது. சாவே இல்லாதவனுக்கு எதற்கு ஆயுசு என்று கேட்பது நியாயமான கேள்வி. வைணவ உரைகாரர்களும் இதைக் கேட்டுப் பார்த்து, அன்பு முற்றினால் அறிவு அந்தப் பக்கம் நகர்ந்துவிடும் என்ற முடிவுக்கே வந்தார்கள். ஆறடி வளர்ந்த மகனைப் பார்த்து, 'பார்த்துப் போ, கண்ணு' என்கிற அம்மாவைக் கண்டவர்களுக்கு இதில் வியப்பு இராது.

சாலைக்குத் திரும்புவோம். திருக்கடையூரை அடுத்துத் தரங்கம்பாடி. 1706-ல் மிஷனரி சீகன்பால்கு வந்து இறங்கிய துறை. அவர் 1718-ல் கட்டிய புதிய எருசலேம் ஆலயம் இன்றும் இருக்கிறது. நாற்பது வயதைத் தொடாமலே அடுத்த வருஷம் இறந்து அதற்குள்ளேயே அடக்கமானார்.

கிறிஸ்தவ மரபில் பிறந்தநாளின் கதை விசித்திரமானது. பைபிளில் பிறந்தநாள் விருந்து என்று வெளிப்படையாக வருவது இரண்டே இரண்டு. ஒன்று எகிப்து மன்னன் பார்வோனுடையது. அன்று அவன் ரொட்டி சுடுகிறவனைத் தூக்கில் போட்டான். மற்றது ஏரோதுடையது, அன்று யோவான் ஸ்நானகனின் தலை தட்டில் வந்தது. கொலையை நிறுத்திய நம் வெள்ளணி நாளை இதன் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். மூன்றாம் நூற்றாண்டில் அலெக்ஸாந்திரியா நகரத்து ஓரிகன், பரிசுத்தவான் எவனும் தன் பிறந்தநாளைக் கொண்டாடியதாக வேதத்தில் இல்லை என்று பிரசங்கமே செய்தார். இரத்தசாட்சிகள் இறந்த நாளையே அவர்களுடைய பிறந்தநாள் என்று ஆதிச்சபை கொண்டாடியது. இன்றும் கத்தோலிக்கத் திருச்சபையின் நாட்காட்டியில் பிறப்புக்கென்று விழா உள்ளவர்கள் மூன்றே பேர்: டிசம்பர் 25 இயேசு, செப்டம்பர் 8 மரியாள், ஜூன் 24 யோவான். ஒருவனுடைய பிறந்தநாள் விருந்தில் கொல்லப்பட்ட அதே யோவான்தான்.

அப்படிப்பட்ட சபை, நம் ஊரில் பிறந்தநாளை எவ்வளவு அழகாக ஏற்றுக்கொண்டிருக்கிறது! ஞாயிறு ஆராதனையில், இந்த வாரம் பிறந்தநாள் காண்கிறவர்கள் முன்னே வாருங்கள் என்று அழைப்பார்கள். ஐந்து வயதுப் பையனும் எழுபது வயதுப் பாட்டியும் பக்கத்தில் பக்கத்தில் முழங்கால் போடுவார்கள். போதகர் ஐயர் தலையில் கைவைத்துப் பெயர் சொல்லி ஜெபிப்பார். ஸ்தோத்திரக் காணிக்கை உறையைப் பையன் கசக்கிவிடுவான். வீட்டில் சங்கீதம் 121, அல்லது 91. யாராவது பெரியவர் துணிந்து 90-ஐ எடுத்தால் வீடு கொஞ்சம் அமைதியாகும். மனிதனுக்கு எழுபது வருஷம், பலமிருந்தால் எண்பது என்று கணக்கைப் போட்டுவிட்டு, அந்த நாட்களை எண்ணத் தெரியவேண்டும் என்று கேட்கிற சங்கீதம் அது. எழுபதும் எண்பதும்! பீமரத சாந்தியையும் சதாபிஷேகத்தையும் கேள்விப்படாத ஒருவர் அதே இரண்டு படிகளில் வந்து நின்றிருக்கிறார்.

ஆராதனை முடிவில் ஐயர் கையை உயர்த்திச் சொல்லும் ஆசியில், பழைய ஏற்பாட்டில் ஆரோன் சொல்லும் மூன்று வரிக்கு இன்னொரு சரித்திரம் உண்டு. 1979-ல் எருசலேமில் ஒரு பழைய கல்லறையைத் தோண்டியபோது சுருட்டிவைத்த சின்ன வெள்ளித் தகடுகள் இரண்டு கிடைத்தன. பிரித்துப் பார்த்தால் அந்த ஆசியின் சொற்கள் கீறியிருந்தன. ஏறக்குறைய 2,600 வருஷம் பழையவை. யாரோ ஒருவர் தாயத்தாக அணிந்து, இறந்தபோதும் கழற்றாமல் போயிருக்க வேண்டும்.

அடுத்தது காரைக்கால். மேலே சொன்ன எல்லாவற்றையும் மறுத்துப் பேசிய பெண் ஒருத்தி அங்கே இருந்தாள். புனிதவதி, நமக்குக் காரைக்கால் அம்மையார். கணவன் விட்டுப்போன பிறகு, இந்த அழகும் சதையும் எனக்கு எதற்கு என்று பேயுருவம் கேட்டு வாங்கியவள். தலையாலே நடந்து கயிலைக்குப் போனவளை, தாயும் தந்தையும் இல்லாத சிவன் 'அம்மையே' என்று அழைத்ததாகச் சேக்கிழார் சொல்கிறார். என்ன வரம் வேண்டும் என்று கேட்டதற்கு அவள் பிறவாமை கேட்டாள். பிறக்கத்தான் வேண்டுமென்றால் உன்னை மறவாமை. நூறாண்டு, பதினாறு பேறு எதுவுமில்லை. மாங்கனித் திருவிழாவில் ஆனிப் பௌர்ணமியன்று மாம்பழத்தை வாரி இறைத்து அவளைக் கொண்டாடுகிறார்கள். அந்த மாம்பழத்தைப் பிடித்தால் குழந்தை பிறக்கும் என்று முந்தானையை விரிக்கிறார்கள் பெண்கள். பிறவாமை கேட்டவளிடம் போய்ப் பிள்ளை கேட்கிற ஊர். நம் பக்தியின் முரண் இது. இதைத் திருத்த யாராலும் முடியாது, திருத்தவும் வேண்டாம்.

நாகூரில் பிறந்தநாள் சங்கதி மறுபடி மாறுகிறது. பிறந்தநாள் கொண்டாடலாமா என்பதில் ஆலிம்களிடையே ஒருமித்த கருத்து இல்லை. நபிகள் திங்கட்கிழமை நோன்பு வைப்பதற்குக் காரணம் கேட்டபோது, தாம் பிறந்த நாள் அது என்றார்கள் என ஒரு ஹதீஸ் இருக்கிறது. விருந்துக்குப் பதில் பட்டினி. அதுவும் வருஷத்துக்கு ஒருமுறையல்ல, வாரத்துக்கு ஒருமுறை. தர்காவில் பெரிய விழாவான கந்தூரியோ ஷாகுல் ஹமீது ஆண்டவர் மறைந்த நினைவுக்கு எடுப்பது. இரத்தசாட்சியின் இறந்த நாளைப் பிறந்தநாள் என்ற பழைய சபை ஞாபகம் வருகிறதா? தஞ்சை மராட்டிய மன்னர் பிரதாப் சிங், பிள்ளை வரம் கிடைத்த நன்றிக்காகத்தான் இங்கே பெரிய மினாராவைக் கட்டிக்கொடுத்தார் என்று நாகூரில் சொல்வார்கள்.

பிறந்தநாளைக் கொண்டாடினாலும் கொண்டாடாவிட்டாலும், துஆ கேட்பதில் யாருக்கும் தடையில்லை. 'அல்லாஹ் உங்க ஹயாத்துல பரக்கத் செய்வானாக' என்பார்கள் பெரியவர்கள். நீளத்தை மட்டும் கேட்காமல், இருக்கிற ஆயுள் நிறைந்து பயன்படட்டும் என்று கேட்கிற வேண்டுதல் இது. மதீனாவில் உம்மு சுலைம் என்ற தாய் தன் சிறுவயது மகன் அனஸை நபிகளிடம் ஊழியத்துக்கு விட்டாள். இவனுக்காக துஆ செய்யுங்கள் என்று கேட்டாள். செல்வமும் சந்ததியும் பெருகட்டும் என்று நபிகள் கேட்டார்கள். அனஸ் நூறை ஒட்டிய வயதுவரை, பிள்ளைகளும் பேரப்பிள்ளைகளும் நிறைந்த வீட்டில் வாழ்ந்தார். அந்தத் தாய்க்குப் பொதுவான வாழ்த்து போதவில்லை. பையனைக் காட்டி, 'இவனுக்கு' என்று கேட்டாள்.

கடைசியில் வேளாங்கண்ணி. அங்கே ஆகஸ்ட் 29-ல் கொடியேறுகிறது. செப்டம்பர் 8-ல் பெருவிழா. சென்னையிலிருந்தும் பெங்களூரிலிருந்தும் காவி உடுத்தி நடந்து வருகிறவர்களில் பலருக்கு, தாங்கள் நடப்பது ஒரு பிறந்தநாளுக்கு என்பது நினைவில் இருக்காது. மாதாவின் பிறந்தநாள் அது. புயலில் சிக்கிய போர்த்துக்கீசிய மாலுமிகள் கரை சேர்ந்த நாளும் அதுதான் என்பது ஊர் வழக்கு. ஆனால் அந்தக் கடல் எல்லா நாளும் கரை சேர்ப்பதில்லை. 2004 டிசம்பர் 26 காலையில், கிறிஸ்துமஸுக்கு வந்து தங்கியிருந்த யாத்திரிகர்கள் நூற்றுக்கணக்கில் போனார்கள். அன்றைய நாகப்பட்டினம் மாவட்டத்தில் மட்டும் 6,000-க்கும் மேல். இந்தச் சாலையில் நான் சொன்ன ஊர்களில் அன்று அழாத கடற்கரைக் குப்பம் இல்லை. அங்கே ஒரு பாட்டி பேரனின் தலையில் கைவைத்து 'நூறு வயசு இரு' என்றால், அது உபசார வார்த்தை என்று நினைத்துவிடாதீர்கள்.

இப்போது காலையில் ஏழு மணிக்கு நம் கைபேசியில் வந்து விழுகிற வாழ்த்துகளுக்கு வருகிறேன். ரோஜாப்பூ, விளக்கு, முருகன் படம் அல்லது ஒரு வசனம், 'இறைவன் அருளால் எல்லா வளமும் நலமும் பெற்று வாழ்க'. அனுப்புவது தப்பில்லை. இலங்கை வானொலியில் பிறந்தநாள் வாழ்த்து வாசித்த காலத்திலும் வார்த்தைகள் எல்லோருக்கும் அதேதான். ஆனால் அங்கே யார் யார் வாழ்த்துகிறார்கள் என்ற பட்டியல் இருக்கும். அப்பா, அம்மா, அம்மம்மா, சித்தி, மாமா என்று பெயர்களாகவே போகும். குழந்தை தன் பெயர் வரும்வரை வானொலியை விட்டு நகராது. இன்றைய படத்தில் பெயருக்கு இடமில்லை. யாருக்கும் அனுப்பலாம் என்பதற்காகவே செய்தது அது. நான் கேட்பது கொஞ்சம்தான்: அந்தப் படத்துக்குக் கீழே அந்த ஆளின் பெயரையும், இந்த வருஷம் அவருக்கு என்ன கவலையோ அதையும் சேர்த்து ஒரு வரி எழுதுங்கள். 'தம்பி, உன் ஸ்கேன் ரிசல்ட் நல்லபடியா வரணும்னு வைத்தீஸ்வரன் கோயில்ல வேண்டிக்கிட்டேன்.' போதும்.

ஒரு சங்கடமும் இருக்கிறது. அதையும் சொல்லிவிட வேண்டும். எண்பதைத் தாண்டியவர்களுக்கு என்ன வாழ்த்துவது? நூறு என்றால் அவர்களே கையெடுத்துக் கும்பிட்டுவிடுகிறார்கள். எங்கள் பெரியம்மா ஒருவர் இருந்தார். அவருடைய நட்சத்திரப் பிறந்தநாளுக்குக் குடும்பமே திரண்டு, மாறி மாறி 'நூறு வயசு இருக்கணும்' என்று காலில் விழுந்தோம். காலில் விழுகிறவர் ஆசி வாங்க வேண்டும், கொடுக்கக் கூடாது என்ற முறையைக்கூட மறந்துவிட்டோம். எல்லாரையும் பொறுமையாகக் கேட்டுக்கொண்டிருந்தவர் கடைசியில் என்னைப் பக்கத்தில் கூப்பிட்டார். 'நூறெல்லாம் வேணாம்டா. நாலு நாள் படுக்கையில கிடந்து மருமகளுக்குப் பாரமா இருக்கக் கூடாது. அதுவரைக்கும் இந்த முட்டி வலி குறையணும். சாமிகிட்ட இதைச் சொல்லு; நூறை நீயே வச்சுக்க' என்றார்.

அன்று சாயங்காலம் கோயிலில் குருக்கள் வழக்கம்போலப் பெயர், நட்சத்திரம், கோத்திரம் கேட்டார். சொன்னேன். வேறு ஏதாவது பிரார்த்தனையா என்றார். முட்டி வலி என்றேன். அவர் ஒரு முறை என்னைப் பார்த்தார். தமக்கும் உண்டு என்று சொல்லிவிட்டுத் தட்டோடு உள்ளே போனார்.